நாற்காலி போதும்... நடமாட்டம் நிற்காது!

மறதி நோய் வந்த பெரியவர்களுக்கு உட்கார்ந்தபடியே செய்ய எளிய பயிற்சிகள்

"அவருக்கு எதுக்கு இப்போ எக்ஸர்சைஸ் எல்லாம்? பேத்தி பேரே மறந்து போச்சு. பாவம், சும்மா உக்காரட்டும் விடு!"

டிமென்ஷியா எனப்படும் மறதி நோய் வந்த பெரியவர் இருக்கும் வீட்டில் இப்படி ஒரு குரல் கட்டாயம் கேட்கும். சொல்பவர் கெட்ட எண்ணத்தில் சொல்வதில்லை. அன்பினால்தான் சொல்கிறார். காபி கைக்கு வருகிறது, சாப்பாடு நாற்காலிக்கே வருகிறது, பேப்பர் மடிக்கு வருகிறது. சில மாதங்கள் கழித்துப் பார்த்தால், அந்த நாற்காலியிலிருந்து அவரை எழுப்பவே இரண்டு பேர் தேவைப்படுகிறார்கள்!

நோய் பாதி, உட்கார வைத்த நம் அன்பு பாதி... இரண்டும் சேர்ந்து செய்த வேலை இது. நோயை நம்மால் நிறுத்த முடியாமல் போகலாம். ஆனால், உட்கார்ந்தே தேய்ந்து போவதைக் குறைக்க முடியும். அதற்கு ஒரு உறுதியான நாற்காலி, தினம் கால் மணி நேரம், எதிரில் உட்கார ஒரு ஆள்... இவ்வளவு போதும்.

இது ஏதோ ஒன்றிரண்டு வீட்டுக் கதை என்று நினைக்காதீர்கள். நம் நாட்டில் 60 வயதைத் தாண்டியவர்களில் 100-க்கு 7 பேருக்கு மேல், அதாவது சுமார் 88 லட்சம் பேருக்கு இந்த நோய் இருப்பதாக 2023-ல் வெளியான ஒரு மதிப்பீடு சொல்கிறது.

எது கிடைக்கும், எது கிடைக்காது?

முதலிலேயே ஒன்றை உடைத்துச் சொல்லி விடுவது நல்லது. உடற்பயிற்சி செய்தால் போன ஞாபகம் திரும்பி வந்துவிடும் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். இங்கிலாந்தில் இந்த நோய் உள்ள 494 பேரை வைத்து ஒரு பெரிய ஆய்வு நடத்தினார்கள். அவர்களில் ஒரு பகுதியினருக்கு நாலு மாதம் நன்றாக வியர்க்கும்படி பயிற்சி கொடுத்தார்கள். முடிவு 2018-ல் வெளிவந்தது. உடம்பின் தெம்பு கூடியது. ஆனால் நினைவாற்றல் தேய்வது நிற்கவில்லை.

'அப்புறம் எதற்கு இந்தப் பாடு?' என்று கேட்கிறீர்களா? இதற்காகத்தான்: ஒரு பெரியவர் தானே எழுந்து பாத்ரூம் போகிறாரா, இல்லையா? ஒரு வீட்டின் நிம்மதி பெரும்பாலும் இந்த ஒரு கேள்வியில்தான் தொங்கிக் கொண்டிருக்கிறது. எழுந்திருக்க முடிகிறவரை அவருக்கு மானம் இருக்கிறது. பார்த்துக் கொள்பவருக்கு இடுப்பு இருக்கிறது! எழுந்திருக்க முடியாத நாளில் இருந்து டயப்பர், படுக்கைப் புண், நெஞ்சுச் சளி, மலச்சிக்கல் என்று ஒவ்வொன்றாக வந்து சேரும்.

தசை எவ்வளவு வேகமாகக் கரையும் தெரியுமா? ஆரோக்கியமான வயதானவர்கள் சிலரை அமெரிக்காவில் 10 நாள் படுக்கையிலேயே இருக்கச் சொல்லிப் பார்த்தார்கள். 2007-ல் வெளியான அந்த ஆய்வில், கால்களில் மட்டும் சராசரியாக ஏறக்குறைய 1 கிலோ சதை குறைந்திருந்தது. ஆரோக்கியமானவர்களுக்கே இப்படி என்றால், மாதக்கணக்கில் நாற்காலியோடு நாற்காலியாக இருப்பவரின் தொடைத் தசை என்ன ஆகும்? யோசித்துப் பாருங்கள்.

பெயர் மறந்தது, கை மறக்கவில்லை

மறதி நோய்களில் அதிகம் காணப்படுவது அல்ஸைமர் நோய். இதில் முதலில் அடி வாங்குவது மூளையில் புது விஷயங்களைப் பதிந்து வைக்கும் பகுதி. அதனால்தான் காலையில் வந்து போன விருந்தாளியை மத்தியானம் மறந்து விடுகிறார்கள். ஆனால், பழகிப் பழகிக் கைக்கு வந்த வேலைகள் வேறு இடங்களில் பதிந்திருக்கின்றன. அவை ரொம்ப நாள் தாக்குப் பிடிக்கும்.

மகன் பெயர் சொல்லத் தெரியாத அம்மா, மல்லிகைப் பூவையும் நாரையும் கையில் கொடுத்தால் சரம் தொடுக்க ஆரம்பித்து விடுவதைப் பார்த்திருப்பீர்கள். சின்ன வயதில் பாட்டு கற்றவர், ஆதி தாளத்தின் 8 எண்ணிக்கையையும் தொடையில் பிசகாமல் தட்டுவார். தையல் மெஷின் மிதித்தவரின் பாதத்துக்கு அந்த மிதி மறக்காது.

நமக்கு வேண்டிய சாவி இதுதான். புதிதாக ஒரு பயிற்சியைக் கற்றுக் கொடுக்க முயன்றால் தோற்றுப் போவீர்கள். அவர் உடம்புக்கு ஏற்கெனவே தெரிந்த அசைவைத் தட்டி எழுப்பினால் போதும்.

தொடங்கும் முன்...

டாக்டரை ஒரு வார்த்தை கேளுங்கள். சமீபத்தில் ஹார்ட் அட்டாக், எலும்பு முறிவு, இடுப்பு மூட்டு ஆபரேஷன், கட்டுக்கடங்காத பி.பி., அடிக்கடி விழுவது... இவற்றில் ஒன்று இருந்தாலும் டாக்டர் சொல்லாமல் ஆரம்பிக்க வேண்டாம். முடிந்தால் ஒரே ஒரு முறையாவது பிஸியோதெரபிஸ்ட்டை வீட்டுக்கு வரவழைத்து, உங்கள் பெரியவருக்கு எது ஆகும், எது ஆகாது என்று கேட்டுக் கொள்ளுங்கள்.

நாற்காலி: கைப்பிடி வைத்த கனமான மர நாற்காலி உத்தமம். முதுகை சுவரோடு ஒட்டிப் போடுங்கள். பிளாஸ்டிக் நாற்காலி வேண்டவே வேண்டாம். வழவழ தரையில் கால் விரிந்து சறுக்கிவிடும். சக்கர நாற்காலி, ஊஞ்சல், ஈஸி சேர், அமுங்கும் சோபா எதுவும் ஆகாது. உட்கார்ந்தால் இரண்டு பாதமும் தரையில் முழுசாகப் பதிய வேண்டும். எட்டவில்லையா? ஆடாத மணைப்பலகை ஒன்றை அடியில் வையுங்கள். எழுந்திருக்கும் பயிற்சியின்போது மட்டும் அதை எடுத்து விடுங்கள்.

உடை: தரையில் புரளும் வேட்டி நுனி, புடவைக் கொசுவம் இரண்டையும் கவனியுங்கள். லூஸான செருப்பு, வழுக்கும் சாக்ஸ் வேண்டாம். கண்ணாடி, காது மெஷின் இருந்தால் மாட்டி விடுங்கள். பாதி நேரம் அவர் சொன்னதைச் செய்யாததற்குக் காரணம் மறதி அல்ல, காது கேட்காததுதான்!

நேரம்: காலை டிபன் முடிந்து ஒரு மணி நேரம் கழித்து நல்ல நேரம். சாயங்காலம் இருட்ட ஆரம்பிக்கும்போது இவர்களில் பலருக்குக் குழப்பமும் எரிச்சலும் கூடும். அப்போது வேண்டாம். ஷுகருக்கு மாத்திரையோ இன்சுலினோ எடுப்பவர் வெறும் வயிற்றில் செய்யக் கூடாது. தினமும் அதே நேரம், அதே இடம், அதே நாற்காலி... இந்தப் பழக்கம்தான் பாதி வேலையைச் செய்யும்.

இடம்: வெளிச்சம் இருக்கட்டும். டி.வி.யை அணைத்து விடுங்கள். இரண்டு பக்கமும் சத்தம் வந்தால் அவருக்கு எதைக் கேட்பது என்று தெரியாது.

சொல்லாதீர்கள்... செய்து காட்டுங்கள்!

"அப்பா, வலது கையைத் தூக்கி, இடது காலை நீட்டி, பத்து வரைக்கும் எண்ணுங்க பார்க்கலாம்!" என்றால் அவர் விழிப்பார். ஒரே மூச்சில் மூன்று கட்டளை. முதலாவது காதில் விழுவதற்குள் மூன்றாவது வந்துவிட்டது.

மாறாக, எதிரில் இன்னொரு நாற்காலி போட்டு, அவர் கண்ணுக்கு நேராக உட்காருங்கள். நீங்கள் கையைத் தூக்குங்கள். "அப்பா... இப்படி." அவ்வளவுதான். பிறகு பொறுங்கள். மனதுக்குள் பத்து எண்ணுங்கள். கை மெல்ல மேலே வரும். அவர் இடது கையைத் தூக்கினால் என்ன, வலது கையைத் தூக்கினால் என்ன? தூக்கினாரே!

எண்ணிக்கை தப்பினால் திருத்தாதீர்கள். "நேத்து செஞ்சோமே, ஞாபகம் இல்லையா?" என்று கேட்காதீர்கள். அந்தக் கேள்வி அவரை நாணிக் குறுக வைக்கும். அடுத்த நாள் நாற்காலிக்கே வர மாட்டார். 'உடற்பயிற்சி' என்ற சொல்லையும் விட்டு விடுங்கள். "வாங்கம்மா, கொஞ்சம் கை காலை நீட்டிட்டு காபி சாப்பிடலாம்" என்றால் வருவார்கள். டி.எம்.எஸ்., சுசீலா காலத்துப் பாட்டோ, பஜனையோ, சர்ச் கீர்த்தனையோ அவருக்குப் பிடித்ததை மெல்லிய சத்தத்தில் வையுங்கள். பாட்டின் தாளமே எண்ணிக்கையைப் பார்த்துக் கொள்ளும்.

எட்டு பயிற்சிகள்

ஒவ்வொன்றையும் 5 முறையில் தொடங்குங்கள். போகப் போக 8, 10 என்று கூட்டலாம். மூச்சை அடக்காமல், பேச முடிகிற அளவில் செய்ய வேண்டும். முதல் வாரம் 5 நிமிடம் போதும்.

1. நிமிர்ந்து உட்காருதல்: முதுகை நாற்காலியில் இருந்து கொஞ்சம் விலக்கி நிமிர்ந்து உட்காரட்டும். மூக்கால் மூச்சை இழுத்து, ஊதுவது போல் வாயால் விடட்டும். மூன்று முறை. உடம்பு தயாராகி விடும்.

2. 'எனக்கென்ன தெரியும்?': இரண்டு தோள்களையும் காதுப் பக்கம் தூக்கி, தொப்பென்று விடுவது. நீங்கள் முகத்தையும் அப்படியே வைத்துக் காட்டினால் அவர் சிரித்து விடுவார். அதுவும் நல்லதுதானே?

3. கொடியில் துணி போடுதல்: இரண்டு கையிலும் ஒரு துண்டைக் கொடுத்து, மேலே தூக்கி இறக்கச் சொல்லுங்கள். தோள் வலி இருந்தால் மார்பு உயரம் போதும். சட்டை போட, தலை வாரத் தேவையான அசைவு இது.

4. மாவு பிசைதல்: மெத்தென்ற பந்தையோ, சுருட்டிய கைத்துண்டையோ கையில் கொடுங்கள். அழுத்திப் பிடித்து விடட்டும். டம்ளர் பிடிக்கவும், சுவரில் பதித்த பிடியைப் பற்றவும் இந்தப் பிடிமானம் உதவும்.

5. தையல் மெஷின் மிதித்தல்: பாதம் தரையில். முதலில் குதிகால் மேலே, பிறகு விரல்கள் மேலே. மாறி மாறி. காலில் ரத்த ஓட்டம் சீராகும். நடக்கும்போது விரல் தட்டித் தடுக்குவதைத் தவிர்க்க, பாதத்தைத் தூக்கும் இந்தத் தசை முக்கியம்.

6. உட்கார்ந்தபடி நடை: ஒரு முழங்காலைத் தூக்கி இறக்கி, அடுத்ததைத் தூக்க வேண்டும். கைகளையும் வீசட்டும். ராணுவத்திலோ போலீஸிலோ என்.சி.சி.யிலோ இருந்தவர் என்றால் "லெஃப்ட்... ரைட்..." என்று சொல்லிப் பாருங்கள்!

7. காலை நீட்டுதல்: ஒரு காலை முன்னால் நீட்டி, மூன்று எண்ணும்வரை வைத்து, மெல்ல இறக்குவது. தொடையின் முன்புறத் தசைக்கு இதுதான் சாப்பாடு. முழங்கால் வலி இருந்தால் பாதி நீட்டினாலே போதும்.

8. எழுந்து உட்காருதல்: பயிற்சிகளில் ராஜா இதுதான். மற்ற ஏழும் இதற்கான ஏற்பாடு என்றே சொல்லலாம். முறையைக் கவனமாகப் படியுங்கள்.

முதலில் நாற்காலியின் முன் விளிம்புக்கு நகர்ந்து வர வேண்டும். பாதங்களை முழங்காலுக்குச் சற்று உள்ளே இழுத்துக் கொள்ள வேண்டும். கைகள் நாற்காலியின் கைப்பிடியில் இருக்கட்டும். மூக்கு கால்விரலுக்கு நேராக வரும்வரை முன்னால் சாய்ந்து, கையை ஊன்றி எழ வேண்டும். நின்றதும் பத்து எண்ணும்வரை அப்படியே இருக்கட்டும். சிலருக்கு எழுந்தவுடன் பி.பி. இறங்கித் தலை சுற்றும். உட்காரும்போது தொடையின் பின்புறம் நாற்காலியைத் தொட்ட பிறகு, கைப்பிடியைப் பிடித்து மெல்ல இறங்க வேண்டும். 'தொப்'பென்று விழக் கூடாது.

நீங்கள் பக்கத்தில் நின்று கொள்ளுங்கள். கையைப் பிடித்து இழுப்பதும், அக்குளில் கை கொடுத்துத் தூக்குவதும் தவறு. அவர் தோளும் போகும், உங்கள் இடுப்பும் போகும். உங்கள் கழுத்தை அவர் கட்டிக் கொள்ளவும் விடாதீர்கள். முதலில் இரண்டு முறை எழுந்தாலே வெற்றி. ஐந்து வரை போகலாம். துணையில்லாமல் எழவே முடியாதவர் என்றால், இதைப் பிஸியோதெரபிஸ்ட் காட்டிக் கொடுத்த பிறகே செய்யுங்கள்.

கடைசியாக ஒரு விளையாட்டு: ஒரு பலூனை ஊதி அவர் பக்கம் தட்டி விடுங்கள். எதுவும் செய்ய மாட்டேன் என்று அடம் பிடித்தவர்கூட பலூனைத் திருப்பித் தட்டுவார். பேரன் பேத்தி இருந்தால் இந்த வேலையை அவர்களிடமே ஒப்படையுங்கள்.

உடனே நிறுத்துங்கள்!

நெஞ்சு வலி, மூச்சிரைப்பு, தலைசுற்றல், திடீர் வியர்வை... இவற்றில் எது வந்தாலும் நிறுத்தி விடுங்கள். நெஞ்சு வலியோ மூச்சுத் திணறலோ தணியாவிட்டால் தாமதிக்காமல் ஆஸ்பத்திரிக்குப் போங்கள். இன்னொன்று: இவர்களில் பலருக்கு 'வலிக்கிறது' என்று சொல்லத் தெரியாது. முகத்தைச் சுளிப்பார். கையை வெடுக்கென்று இழுத்துக் கொள்வார். கோபம் வரும். 'பிடிவாதம்' என்று நினைத்து வற்புறுத்தாதீர்கள். அவர் வாய் சொல்லாததை முகம் சொல்கிறது.

நேற்றுவரை நன்றாக இருந்தவர் ஒன்றிரண்டு நாளில் திடீரென்று ரொம்பக் குழம்பிப் போனாலோ, எந்நேரமும் தூங்கி வழிந்தாலோ, அது 'வியாதி முற்றி விட்டது' என்று விட்டு விடாதீர்கள். சிறுநீர்த் தொற்று, ரத்தத்தில் உப்புச் சத்து குறைவது, மலச்சிக்கல், புதிதாகத் தொடங்கிய மாத்திரை என்று சரி செய்யக்கூடிய காரணம் இருக்கலாம். அன்று பயிற்சி வேண்டாம். உடனே டாக்டரைப் பாருங்கள்.

ஒவ்வொருவருக்கும் ஒரு விதம்

ஸ்ட்ரோக்குக்குப் பிறகு மறதி வந்தவருக்கு ஒரு பக்கம் பலவீனமாக இருக்கலாம். இரண்டு கை விரல்களையும் கோத்துக் கொண்டு, நல்ல கையால் மற்ற கையைத் தூக்கட்டும். பலவீனமான கையைப் பிடித்து நீங்கள் இழுக்கக் கூடாது.

பார்க்கின்ஸன் நோயோடு மறதி சேர்ந்தவர்களுக்கு உடம்பு விறைப்பாக இருக்கும், எழுந்ததும் பி.பி. சட்டென்று இறங்கும். எட்டாவது பயிற்சியில் இவர்களுக்குக் கூடுதல் நிதானம் வேண்டும்.

நோய் முற்றிப் படுக்கையோடு இருப்பவருக்கும் விரல், மணிக்கட்டு, முழங்கை, கணுக்கால் இவற்றை மெதுவாக மடக்கி நீட்டி விடலாம். விறைத்த மூட்டை மட்டும் பலவந்தமாக விரிக்காதீர்கள். எப்படி என்று பிஸியோதெரபிஸ்ட்டிடம் பார்த்துக் கற்றுக் கொள்ளுங்கள்.

நீங்கள் கேட்கக்கூடிய மூன்று கேள்விகள்

'எங்கப்பா நல்லா நடக்கிறாரே, அவருக்கும் நாற்காலிப் பயிற்சி போதுமா?'

போதாது! நடக்கிறவரை உட்கார வைத்து விடாதீர்கள். உட்கார்ந்து செய்வதால் தசைக்குத் தெம்பு வரும். நிற்கும்போது தள்ளாடாமல் இருக்கும் பழக்கம் நின்று, நடந்துதான் வரும். வயதானவர்கள் வாரத்தில் 3 நாளாவது தசை வலுவுக்கும் சமநிலைக்குமான பயிற்சிகளைச் செய்ய வேண்டும் என்று உலக சுகாதார நிறுவனம் 2020-ல் வெளியிட்ட வழிகாட்டுதல் சொல்கிறது. கூட ஒருவர் போய், நடை தொடரட்டும்.

'வர மாட்டேன்னு கத்தினா என்ன பண்றது?'

விட்டு விடுங்கள். விவாதம் வேண்டாம். அரை மணி கழித்து வேறு முகத்தோடு, வேறு வார்த்தையோடு வாருங்கள். அன்று முழுக்க நடக்கவில்லையா? பரவாயில்லை. பட்டாணி உரிக்க, துண்டு மடிக்க, பூத்தொட்டிக்கு நீர் விடச் சொல்லுங்கள். அதுவும் அசைவுதான்.

'எத்தனை நாளில் பலன் தெரியும்?'

வாரக் கணக்கில் பொறுமை வேண்டும். பலனை அவர் ஞாபக சக்தியில் தேடாதீர்கள். நாற்காலியிலிருந்து எழ எத்தனை முறை முயல்கிறார், எத்தனை பேர் கை கொடுக்கிறீர்கள் என்று ஒரு நோட்டில் தேதி போட்டுக் குறித்து வையுங்கள். சில சமயம் அது கூடாமல், குறையாமல் அப்படியே நிற்கும். இந்த நோயில் அதுவும் லாபக் கணக்குதான்.

இது யார் வேலை?

நம் வீடுகளில் இந்த வேலை கேட்காமலேயே மருமகள் தலையிலோ, மனைவி தலையிலோ வந்து விழுகிறது. அந்த மனைவிக்கே எழுபது வயது இருக்கும்! கால் மணி நேர விஷயம்தானே? ஆபீஸ் போவதற்கு முன் மகன் ஒரு நாள், பேரன் ஒரு நாள், ஞாயிறன்று மகள் என்று பிரித்துக் கொள்ளுங்கள். வீட்டோடு நர்ஸ் இருந்தால் அவருக்கு இந்த எட்டையும் செய்து காட்டி, காகிதத்தில் எழுதிச் சுவரில் ஒட்டி விடுங்கள். எதிரில் உட்கார்ந்து கூடவே செய்கிறவருக்கும் தோளும் முதுகும் தளரும் என்பது இலவச இணைப்பு.

தனியாகத் தவிக்கவும் வேண்டாம். 1992-ல் கேரளத்தில் தொடங்கிய ஏ.ஆர்.டி.எஸ்.ஐ. அமைப்பும், சென்னையில் ஸ்கார்ஃப் நிறுவனமும் மறதி நோயாளிகளின் குடும்பங்களுக்காகப் பணியாற்றி வருகின்றன. முதியோருக்கான உதவி எண் 14567-ஐயும் அழைத்து விசாரிக்கலாம்.

எட்டையும் நாளைக்கே ஆரம்பிக்க வேண்டும் என்று மலைக்க வேண்டாம். நாளைக் காலையில் ஒன்றே ஒன்று செய்யுங்கள். காபியை நாற்காலிக்குக் கொண்டு போய்க் கொடுக்காமல், சாப்பாட்டு மேஜையில் வைத்து விட்டு, அவர் பக்கத்தில் போய் நில்லுங்கள். "வாங்கப்பா, மெதுவா எழுந்திருங்க..." என்று சொல்லிவிட்டு, அவர் எழும்வரை காத்திருங்கள். காபி கொஞ்சம் ஆறினாலும் பரவாயில்லை!